தரையோடி

ஹட்டன் பஸ் நிலையத்துக்குப் பின்னால்
மீன்கடை வைத்திருக்கும் ரூபசிங்க
பெயரை லத்தீனில்தான் சொன்னார்.
நுவரெலியா பஸ்ஸின் ஹோர்ன் பாதியைத் தின்றது,
மீதியை டிக்கோயா வருவதற்குள் நான் தொலைத்தேன்.
தரையோடி என்று வைத்துக்கொண்டேன்.
தரையில் ஓடுகிறது. வேறென்ன வேண்டும்.

ஐந்து ரூபாய்க் காசளவு ஒரு திட்டு,
விலை முந்நூற்றைம்பது.
அன்று எனக்கு அரைப்பேர்.
கொழுந்து நிறை காணவில்லையாம்.

தொட்டி, மூடிப்போன பேக்கரியின் கண்ணாடிப் பெட்டி.
மாலு பணிஸ் அடுக்கியிருந்த இடத்தில்
ஆற்று மணலும் கான் சேறும்.
புருவம் பிடுங்கும் குறடால்
கணுக்கணுவாய்ப் பிரித்து நட்டேன்.
தண்ணீர் ஊற்றவில்லை.

நீர்ப்பூண்டை நீரில்லாமல் வளர்க்கிறாள் ஜெசிந்தா என்று
பொஸ்கோ லயம் முழுக்கச் சொல்லிச் சிரித்தான்.
முதலில் ஈரம் மட்டும், அது அப்படித்தான்.
மேலே பொலித்தீன்,
காலையும் மாலையும் தெளிபோத்தலால் பனி.
பனிக்கா இங்கே பஞ்சம்?
ஆனால் காம்பராவுக்குள் நான் செய்த பனி
நான் நிறுத்தினால் நிற்கும்.

இருபத்து மூன்று நாள் அசையவில்லை.
மறுநாள் ஒரு தண்டு வளைந்து மண்ணைத் தொட்டது,
தொட்ட இடத்தில் வேர்.
வெள்ளை நூல், அவ்வளவுதான்.
பிரட்டுக்குப் பிந்திப் போனேன்.

இரண்டு மாதம் கழித்து
ஒரு பீங்கானை வைத்து அதன் மேல்
மெல்ல மெல்ல நீர் விட்டேன்.
ஒரு வாரத்தில் பாதி இலை கரைந்தது,
வெந்த கீரையின் நிறத்தில்.
இந்த முறை பொஸ்கோ சிரிக்கவில்லை.
அது இன்னும் மோசம்.

சோடாப் போத்தலில் ஈஸ்டும் சீனியும்,
மூடியிலிருந்து தொட்டிக்குள் சேலைன் குழாய்.
சீனி விற்ற விலையில்
என் தேத்தண்ணி வெறுந்தேத்தண்ணி ஆயிற்று.
வாசம் பிடித்து வந்தார் வாச்சர் கறுப்பண்ணன்.
"கசிப்பா?"
"செடிக்கு."
"செடிக்கா?"

ஞாயிறு, மூன்று மணி.
தகரத்தின் விரிசலால் வெயில் விழுகிற நேரம்,
நாற்பது நிமிடம், அதற்கு மேல் மலை மறைக்கும்.
புதிதாய் வந்த இலைகள்,
நீருக்கென்றே வந்தவை, எள்ளை விடக் கொஞ்சம் பெரிது,
ஒவ்வொன்றின் நுனியிலும் ஒரு குமிழி
பிடி விட்டு, மேலே.
கறுப்பண்ணன் தொப்பியைக் கழற்றினார்.
அடுத்த ஞாயிறும் வந்தார்.
கசிப்பைப் பற்றிக் கேட்கவில்லை.

உயர்ந்தால் வெட்டு, வெட்டினால் படரும்.
இதை எனக்கு யாரும் சொல்லத் தேவையில்லை.
மட்டக்குச்சி போட்டு
மலையையே மேசையாக்குகிற கை இது.
ஒரே வித்தியாசம்,
இங்கே வெட்டியதை நிறுக்க எவரும் இல்லை.
வெட்டியதையும் நட்டேன். இன்னொரு பெட்டி. பிறகு நாலு.
பொஸ்கோவின் கட்டில் இஸ்தோப்புக்குப் போயிற்று.

பெரிய துரை பங்களா இப்போது ஹோட்டல்.
குளத்தின் அடியில் சிமெந்து தெரிகிறதாம்,
படம் எடுத்தால் நன்றாயில்லையாம்.
டை கட்டிய தம்பி கேட்டார்,
"நாளுக்கு எவ்வளவு எதிர்பார்க்கிறீங்க?"
"நாளுக்கு இல்ல. சதுர அடிக்குப் பேசுவம்.
முதல்ல அந்தக் கொய் மீனை எடுங்க,
வேரைக் கிண்டிப் போடும்."
"மீன் விருந்தாளிகளுக்கு."
"அப்ப மீன் இருக்கட்டும். நான் வாறன்."
கேட் வரைக்கும் நடந்தேன்.
மீன் போயிற்று.

நூற்று முப்பது சதுர அடி.
டேப்பின் ஒரு நுனி அவர் கையில்,
எண்ணை வாசித்தவள் நான், எழுதியவளும்.

முழங்காலுக்கு வடித்த நீர் கணுக்காலுக்கு வடிந்து
சேறு மட்டும் நின்றபோது இறங்கினேன்.
நட்டதை மிதிக்கக் கூடாது,
அதனால் அந்தக் கரையில் தொடங்கிப்
பின்பக்கமாகவே வந்தேன்,
மூன்று விரலுக்கு ஒரு கணு.
ஏறியே பழகிய கால்.
இரண்டு தரம் வழுக்கியது.

"எப்ப மூடும்?" என்றார் கரையிலிருந்து.
"நாலு மாசம். குளிர் கூடினா ஆறு."
"அது வரைக்கும்?"
"சேறு தெரியும்."